பொறுப்புக்கூறல்: சொல்லுக்குள் இருக்கும் கணக்கு

கொழும்பில் கந்தோர் வேலை பார்ப்பவர்களுக்கு ‘அக்கவுண்டபிலிட்டி’ பழகிய சொல். திங்கட்கிழமைக் கூட்டத்தில் யாராவது அதை எடுத்தால் போதும், எல்லாரும் தலையைக் குனிந்துகொள்வார்கள். யாருக்கோ ஏச்சு விழப்போகிறது என்று அர்த்தம். பாவம், அந்தச் சொல்லின் பொருள் ஏச்சு இல்லை.

அதன் அடியில் இருப்பது ‘அக்கவுண்ட்’, அதாவது கணக்கு. எண்ணுதலைக் குறிக்கும் ‘கொம்புத்தாரே’ என்ற லத்தீன் சொல்லிலிருந்து பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. கம்ப்யூட்டருக்கும் அதே வேர்தான். புறக்கோட்டை மொத்தக் கடைகளில் பின்னேரம் பற்றுச்சீட்டையும் காசையும் ஒத்துப்பார்த்து முதலாளியிடம் ஒப்புவிக்கிறார்களே, அதுதான் இது.

அக்கவுண்டபிலிட்டியைத் தமிழ்நாட்டில் ‘பொறுப்புடைமை’ என்றும் எழுதுவார்கள். எனக்கு நம்முடைய ‘பொறுப்புக்கூறல்’தான் பிடிக்கும். ‘பொறு’ என்றால் தாங்குதல், சுமத்தல். சுமந்தால் மட்டும் போதாது, சுமந்ததைப் பற்றிச் சொல்லவும் வேண்டும் என்பதைக் ‘கூறல்’ காட்டிவிடுகிறது. சிங்களத்திலும் பொறுப்பை வககீம என்றும் பொறுப்புக்கூறலை வகவீம என்றும் பிரித்தே வைத்திருக்கிறார்கள். நம்மில் பலர் இந்தச் சொல்லைக் கேட்டுப் பழகியது போருக்குப் பின் வந்த செய்திகளில். 2015இல் ஐ.நா. மனித உரிமைகள் பேரவை நிறைவேற்றிய 30/1 தீர்மானத்தின் தலைப்பிலேயே அது உண்டு. காணாமல்போன பிள்ளைக்கு என்ன நடந்தது என்று கேட்கும் தாய்க்கு வேண்டியதும் அந்தக் ‘கூறல்’தான்.

அதே கூட்டங்களில் கேட்கும் இன்னொரு சொல்லான ‘மோட்டிவேஷன்’ என்பதற்கு ஊக்கம் போதும். திருக்குறளின் 60ஆம் அதிகாரமே ஊக்கமுடைமை. பிறர் தருவது ஊக்குவிப்பு; உள்ளே எழுவது ஊக்கம்.

பொறுப்புக்கூறலும் ஊக்கமும் சேர்ந்தால் என்ன நடக்கும் என்பதை வெள்ளவத்தையில் நான் வேலை பார்த்த அச்சகத்தில் கண்டேன். மும்மொழிப் பெயர்ப்பலகை ஒன்றில் தமிழ் எழுத்து பிழையாகி, பலகை திரும்பி வந்துவிட்டது. யாரும் வாய் திறக்கவில்லை. வேலைக்குச் சேர்ந்து சில மாதங்களே ஆன ஒரு பிள்ளை எழுந்தாள்.

“அண்ணா, நான்தான் கடைசியாப் பாத்தனான். பாமினி எழுத்துருவில இருந்து யுனிகோட்டுக்கு மாத்தேக்க கொம்பு இடம் மாறினதைக் கவனிக்கேல்லை.”

“சரி, இனி என்ன செய்யலாம்?” என்றார் பொறுப்பாக இருந்த அண்ணன். ஏசவில்லை.

அடுத்த நாள் அவள் ஒரு தாளோடு வந்தாள். கொம்பு வரும் சொற்களாகப் பொறுக்கி எழுதியிருந்தாள்; எந்த வேலையையும் அச்சுக்கு அனுப்பும் முன் அந்தச் சொற்களை யுனிகோட்டுக்கு மாற்றிச் சரிபார்க்க வேண்டும். யாரும் கேட்டுச் செய்ததில்லை. புத்தாக்கம் என்று நாம் பெரிதாகச் சொல்வது பெரும்பாலும் இப்படித்தான் பிறக்கிறது. தாளின் முதல் வரியில், அன்று பிழையாகிப்போன தெருப்பெயரைத் தன் கையாலேயே எழுதி வைத்திருந்தாள்.