இன்டகிரேஷன் கோழி: தமிழ்ல என்ன சொல்லலாம்?

பல்லடம், உடுமலை பக்கம் தோட்டத்துல நீளமா ஒரு கோழி ஷெட் நிக்கும், கேட்டா "இன்டகிரேஷன்ல விட்ருக்கோம்"பாங்க, அதாவது கம்பெனியோட கறிக்கோழிய கூலிக்கு வளர்த்துக் குடுக்கறாங்க.

லத்தீன்ல இன்டிஜர்னா முழுசு, கணக்குல முழு எண்ணுக்கு சொல்றோமே அதே வார்த்தைதான். அதுலருந்து வந்த இன்டகிரேஷன்னா பிரிஞ்சு கிடக்கறத ஒண்ணாக்கறது. இத கோழித் தொழில்ல பெருசா செஞ்சு காட்டினவரு அமெரிக்காவுல ஜார்ஜியாக்காரர் ஜெஸ்ஸி ஜுவல். தீவனக் கடை வச்சிருந்தவரு, 1930கள் பொருளாதார மந்தத்துல தீவனம் வாங்க ஆளுங்ககிட்ட காசில்ல, சரின்னு குஞ்சையும் தீவனத்தையும் கடனா குடுத்து வளர்ந்த கோழிய அவரே வாங்கி வித்தாரு, அப்புறம் குஞ்சு பொரிப்பகம், கறி வெட்டற ஆலை, தீவன மில்லுன்னு எல்லாத்தையும் தன் கைக்குள்ள கொண்டு வந்துட்டாரு. நம்ம கொங்கு பக்கம் இது 1990கள்ல வேர் பிடிச்சது.

குஞ்சு, தீவனம், மருந்து கம்பெனியோடது. ஷெட், கீழ விரிக்கிற தேங்காநார்த் தூள், கரண்ட் பில், ராத்திரி பல்பு போட்டு குஞ்சுக்கு சூடு காட்டற வேலை எல்லாம் விவசாயியோடது. நாப்பது நாள் சுமாருக்கு லாரி வந்து பிடிச்சுட்டு போயிரும், கிலோவுக்கு இவ்வளவுன்னு வளர்ப்புக்கூலி. கிலோ எடை ஏற எவ்வளவு தீவனம் தின்னுச்சு, எத்தனை செத்துச்சுன்னு பார்த்து அந்தக் கூலியும் ஏறும் இறங்கும். குஞ்சே நோஞ்சானா வந்திருந்தாலும் அடி விவசாயிக்குத்தான் (எரு மட்டும் வழக்கமா அவருக்கு மிஞ்சும்).

அகராதில பார்த்தா "ஒருங்கிணைப்பு". தப்பில்ல, ஆனா கேட்டா ஏதோ விழாக்கமிட்டி ஞாபகம்தான் வருது. 2019ல தமிழ்நாட்டுல இந்த மாதிரி ஒப்பந்தங்களுக்குன்னு தனிச் சட்டமே வந்துச்சு, அத ஒட்டி "ஒப்பந்தப் பண்ணையம்"னு எழுதறாங்க, ஆனா அது கரும்பு போடறவருக்கும் பொருந்துமே, அவரு தன் வெள்ளாமைய விக்கிறாரு, இங்க கோழி ஒரு நாள்கூட விவசாயியோடது இல்ல. சிலர் வாரத்துக்கு, அதாவது பங்குக்கு, ஆடு வளர்க்கிற மாதிரிதானேங்கறாங்க. எங்கங்க, வாரத்துல போடற குட்டில பங்கு உண்டே!

என் ஓட்டு "கூலி வளர்ப்பு"க்கு. வளர்ப்புக்கூலிங்கற பேச்சு ஏற்கெனவே பண்ணைக்காரங்க வாயில இருக்கு, சும்மா திருப்பிப் போட்டா போதும். இன்டகிரேட்டர்னு சொல்ற அந்தக் கம்பெனிக்கு ஊர்ல சொல்ற "கோழி கம்பெனி"யே தாராளம். நாமக்கல் முட்டைக்கோழிப் பண்ணைக்கு மட்டும் இத ஒட்டிடாதீங்க, அங்க பெரும்பாலும் கோழி பண்ணைக்காரரோடதே.