துண்டு வீடியோவை நம்பி நையாண்டியைச் செய்தியாக்காதீர்கள்

நான் நொய்டா ஃபிலிம் சிட்டியில் வீடியோ எடிட்டர், வீடு டெல்லி மயூர் விஹாரில். அரசியல் நையாண்டி நிகழ்ச்சிகளையும் எடிட் செய்கிறேன். மொழி, நாடு, வடக்கு தெற்கு என்று பேச்சு வந்துவிட்டால் போதும், எது கிண்டல் எது செய்தி என்று பார்க்கிற நிதானம் நம் ஆட்களுக்குப் போய்விடுகிறது.

அண்மையில் எங்கள் பகுதித் தமிழர்களின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு வீடியோ வந்தது. கோட் போட்ட ஒருவர், இந்தித் தேர்வில் பாஸானால்தான் தெற்கத்திக்காரர்களுக்கு டெல்லியில் வாடகை வீடு என்று அறிவிக்கிறார். பக்கத்து வீட்டு மாமி போன் செய்து, "ஏம்ப்பா, நாமெல்லாம் காலி பண்ணணுமா?" என்று கேட்டார், உண்மையிலேயே பயந்திருந்தார். தேடிப் பார்த்தால் அந்தக் கோட் போட்டவர் மிமிக்ரி கலைஞர், அந்த நிகழ்ச்சி கிண்டலடித்ததே மொழியைத் திணிக்கிறவர்களைத்தான்.

படத்தைப் போனுக்கு ஏற்ற மாதிரி நெட்டையாக வெட்டியதில் மூலையில் இருந்த நிகழ்ச்சிப் பெயர் போய்விட்டது, கீழே ஓடிய 'கற்பனை' என்ற வரியும் போய்விட்டது. ஆனால் சத்தத்தை ஒழுங்காக வெட்டவில்லை. ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் கூட்டம் சிரிக்கத் தொடங்குகிற அரை நொடி அப்படியே இருந்தது. ஹெட்போன் போட்டால் யாருக்கும் கேட்கும். அப்புறம், பேசுகிறவரின் தலை வரிக்கு வரி சட்டென்று இடம் மாறினால், நடுவில் எதையோ தூக்கியிருக்கிறார்கள்.

வெட்டாமல் பார்த்தவர்களே ஏமாந்ததும் உண்டு. 2006 டிசம்பர் 13 அன்று பெல்ஜியத்தின் பிரெஞ்சு மொழிப் பொதுத் தொலைக்காட்சியான ஆர்டிபிஎஃப், வழக்கமான நிகழ்ச்சியை நிறுத்திவிட்டு, டச்சு பேசும் ஃபிளாண்டர்ஸ் தனிநாடாகப் பிரிந்துவிட்டது, மன்னரும் நாட்டைவிட்டுப் போய்விட்டார் என்று அறிவித்தது. சொன்னவர் மக்களுக்குப் பழகிய செய்தி வாசிப்பாளர், பிறகு ஏன் நம்பமாட்டார்கள்? சுமார் அரை மணி நேரம் கழித்து, அதுவும் அமைச்சர் தலையிட்ட பிறகுதான், 'இது கற்பனை' என்று திரையில் போட்டார்கள். பிரிவினையைப் பற்றி நாடு விவாதிக்க வேண்டும் என்பது அவர்கள் நோக்கம். நோக்கம் சரிதான், ஆனால் அந்த வரி முதல் நிமிடத்திலேயே வந்திருக்க வேண்டும் என்பது என் கட்சி.

அதற்காக நையாண்டியே வேண்டாம் என்று யாரும் கிளம்பிவிடாதீர்கள். 1989இல் அரசின் தூர்தர்ஷனிலேயே ஜஸ்பால் பட்டியின் 'ஃப்ளாப் ஷோ' லஞ்சத்தைக் கிழிகிழியென்று கிழித்தது. அந்தத் துணிச்சல் இன்றைக்கு இன்னும் அதிகமாக வேண்டும்.

சேனல் பெயர், தேதி இரண்டும் இல்லாத அரசியல் வீடியோவை யாருக்கும் அனுப்பாதீர்கள். முழு வீடியோவை யூடியூபில் தேடிக் கிடைத்தால், அதே குழுவில் அந்தப் பதிவுக்குப் பதிலாகவே போடுங்கள். அட்மினிடம் சொல்லித் துண்டை நீக்குவது மட்டும் போதாது, ஏற்கெனவே பார்த்துப் பயந்தவர்களுக்கு விஷயம் போய்ச் சேராது.