செல்ஃப் அசெம்பிளி: தமிழில் ‘தன்னணிசேர்தல்’

‘அசெம்பிளி’ என்றதும் நமக்குச் சட்டசபையும் பள்ளிக்கூடத்துக் காலைக் கூட்டமும்தான் நினைவுக்கு வரும். ‘ஒருசேர’ என்று பொருள்படும் ‘சிமுல்’ என்ற லத்தீன் சொல்தான் இதற்கு வேர். பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போனது. முதலில் ஆட்கள் கூடுவதைக் குறித்தது. அப்புறம் பாகங்களைப் பூட்டி இயந்திரமாக்குவதையும் குறித்தது. வேதியியலில் இரண்டு பொருளும் கலந்திருக்கின்றன. மூலக்கூறுகள் கூடுகின்றன, கூடி ஓர் அமைப்பாகவும் ஆகின்றன. பூட்டுகிற கை அங்கே எதுவும் இல்லை, அதனால்தான் ‘செல்ஃப்’.

தங்கமும் தயாலும் இதற்கு அருமையான எடுத்துக்காட்டு. தயால் என்பது ஒரு முனையில் கந்தகமும் ஹைட்ரஜனும் கொண்ட கரிமச் சேர்மம். சமையல் எரிவாயு கசிந்தால் மூக்கைத் துளைக்கும் நாற்றம் வருகிறதே, அதற்காகச் சேர்க்கும் ஈத்தைல் மெர்காப்டனும் இந்தக் குடும்பம்தான். ‘மெர்காப்டன்’ என்ற பெயரை 1830-களில் வைத்தவர் டென்மார்க் வேதியியலாளர் ஸைஸே. ‘பாதரசத்தைப் பிடிப்பது’ என்ற லத்தீன் தொடரின் சுருக்கம் அது. உலோகத்தைக் கண்டால் விடாத குணம் பெயரிலேயே இருக்கிறது.

கந்தகச் சேர்மங்கள் தங்கத்தின் மேல் ஒரே ஒரு மூலக்கூறு கனத்தில் ஒழுங்காகப் படிவதை 1983-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தைச் சேர்ந்த நுஸ்ஸோவும் அல்லாராவும் காட்டினார்கள். தங்கம் பூசிய கண்ணாடித் துண்டைத் தயால் கரைத்த எத்தனாலில் முக்கி வைத்தால், சில நிமிடங்களிலேயே கந்தக முனைகள் தங்கத்தைப் பற்றிக்கொள்ளும். ஆனால் அப்போது எல்லாம் கன்னாபின்னாவென்று கிடக்கும். ஒழுங்கு வர ஓர் இரவாவது ஆகும்.

சரி, அந்த இரவில் என்ன நடக்கிறது? பற்றிய கந்தகம் தங்கத்தின் மேல் மெல்ல நகர்கிறது. சில கழன்று, வேறிடத்தில் மறுபடி ஒட்டுகின்றன. கந்தக முனைக்குப் பின்னால் நீளும், பக்கத்துப் பக்கத்துக் கார்பன் சங்கிலிகள் ஒன்றையொன்று லேசாக இழுக்கின்றன. இரண்டு கந்தகங்களுக்கு நடுவே சுமார் 0.5 நானோமீட்டர். சங்கிலிகள் நெருங்கி ஒட்ட அது கொஞ்சம் அதிகம். அதனால் எல்லாச் சங்கிலிகளும் ஒரே பக்கமாக ஏறக்குறைய 30 பாகை சாய்ந்துகொள்கின்றன, காற்றில் சாய்ந்த நாற்றுபோல. நகரவும் கழலவும் இடமில்லாமல் பற்று இறுகியிருந்தால், விழுந்தது விழுந்தபடியே கிடந்திருக்கும். இந்த ஒழுங்கு வந்திருக்காது. எனக்கு இதில் மிகவும் பிடித்த இடம் இதுதான்.

மறுநாள் அந்தத் துண்டை எடுத்துக் கழுவி ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டால், சேப்பிலையில் நிற்பதுபோல் முத்தாக நிற்கும். சங்கிலியின் வெளிமுனையில் தண்ணீரோடு ஒட்டாத மெத்தில் தொகுதி இருப்பதால் அப்படி. அங்கே தண்ணீரை ஈர்க்கும் ஹைட்ராக்சில் தொகுதி இருந்தால் தண்ணீர் பரவிவிடும்.

தமிழில் என்ன சொல்வது? ‘தற்கூடல்’ என்றால் கூட்டம் தெரிகிறது, வரிசை தெரியவில்லை. ‘தன்னொழுங்கமைவு’ நல்ல சொல். ஆனால் அதை ‘செல்ஃப் ஆர்கனைசேஷன்’ என்ற வேறொரு கருத்துக்கு வைத்துக்கொள்வது நல்லது. என் தேர்வு ‘அணி’. அணி என்றால் வரிசை. கணக்குப் பாடத்தில் நிரை நிரல்களாக எண்களை அடுக்குவதும் அணிதான். நகைக்கும் அணி என்றே பெயர். ‘அணிசேரா நாடுகள்’ என்று செய்தித்தாளில் படித்துப் பழகியவர்களுக்கு ‘தன்னணிசேர்தல்’ அந்நியமாக இருக்காது. வினையாகவும் சுலபமாக வளையும்: ‘தயால் மூலக்கூறுகள் தங்கத்தின் மேல் தாமே அணிசேர்கின்றன.’ இப்படி உருவாகும் படலத்தைத் ‘தன்னணி ஒற்றையடுக்கு’ என்று எழுதலாம்.