ஒடுக்கு

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழைய பித்தளைச் சாமான் வாங்குகிறவர்கள் விலை கேட்கும் முன் கையை உள்ளே விட்டுத் தடவுவார்கள். விழுந்தோ இடிபட்டோ எங்காவது தகடு உள்வாங்கியிருந்தால் விரலுக்குத் தெரிந்துவிடும். அந்தப் பள்ளத்துக்குப் பெயர் ஒடுக்கு. காரின் கதவில் அதே பள்ளம் விழுந்தால் மட்டும் ‘டென்ட்’ என்கிறோம். எழுத்தில் இது கூடாரத்தையும் குறித்துத் தொலைக்கிறது. கதவுக்கும் ஒடுக்கு என்றே சொல்லலாம். பொருள் துளியும் குறையாது.

‘ஒடுங்கு’ என்றால் சுருங்கு, உள்வாங்கு. காய்ச்சலில் கிடந்து எழுந்தவரை ‘கன்னமெல்லாம் ஒடுங்கிப்போச்சே’ என்கிறோமே, அதே சொல்தான். அடங்கு–அடக்கு, முடங்கு–முடக்கு போல ஒடுங்கு–ஒடுக்கு. தானாக நடந்தால் மெல்லினம், ஒருவர் செய்தால் வல்லினம். அந்த வல்லின வடிவமே பெயர்ச்சொல்லாகவும் நிற்கிறது. டென்ட் வேறு வழியில் வந்தது. ஆங்கிலத்தில் அது முதலில் அடியைத்தான் குறித்தது. அடி பதித்த பள்ளம் என்ற பொருள் 16ஆம் நூற்றாண்டில் சேர்ந்தது.

‘ஒடுக்கெடுத்தல்’ நுணுக்கமான வேலை. பள்ளத்தின் நடுவில் ஓங்கி அடித்தால் தகடு நீண்டு இன்னும் கோணும். அதனால் ஓரத்திலிருந்து சுற்றிச் சுற்றி, கொட்டாப்புளி என்கிற மரச்சுத்தியலால் மெதுவாகத் தட்டிக்கொண்டே நடுவுக்கு வரவேண்டும். பித்தளை தட்டத் தட்ட இறுகும். இடையிடையே சூடு காட்டினால் இளகும். வார்த்த வெண்கல உருளி இதற்கெல்லாம் இடம் தராது. அடிபட்டால் பெரும்பாலும் கீறல்தான் விடும். வெண்கலத்தில் ஒடுக்கு என்று யாராவது எழுதினால் எனக்குச் சந்தேகம் வரும்.

‘நசுங்கல்’ வேறு. உருவமே கெட்டுப்போனால்தான் அது நசுங்கல். ‘சொட்டை’ என்று சொல்பவர்களும் உண்டு. தெலுங்கில் ‘சொட்ட’ என்பதே ஒடுக்கு. கன்னக்குழிக்கும் அங்கே அந்தச் சொல்தான். தமிழில் சொட்டை என்றதும் தலைதான் நினைவுக்கு வரும் என்பதால் நான் ஒடுக்கையே எடுத்துக்கொள்வேன்.

செட்டிநாட்டு வீடுகளில் கல்யாணச் சீராக வந்த சாமான்களில் புள்ளி புள்ளியாகக் குத்திய எழுத்துகளைப் பார்க்கலாம். அவையும் சிறு பள்ளங்கள்தான், ஆனால் ஒடுக்கு அல்ல. ஒடுக்கு தெரியாமல் விழுவது. உளியால் வேண்டுமென்றே உண்டாக்குவதற்குத் தமிழில் ‘பொளிதல்’ என்ற தனிச் சொல்லே இருக்கிறது. வழவழத்துப்போன அம்மியைக் கொத்துகிறோமே, அது பொளிதல். மசாலாவை அம்மியில் அரைக்கிற ஊருக்கு இதன் அருமை தெரியும்: பொளியாத அம்மியில் மிளகாய் வழுக்கிக்கொண்டே இருக்கும், அரைபடாது. சொல்லோ மிகப் பழையது. குறுந்தொகை 37ஆம் பாட்டில், பிடியின், அதாவது பெண்யானையின், பசி தீர்க்க ஆண்யானை யாமரத்தின் கிளையைப் ‘பொளிக்கும்’. பட்டை உரிப்பதை அங்கே குறித்த சொல், அம்மிக்கல்லுக்கும் உரியதாகிவிட்டது.