ரெக்விசிஷன்னா பறிமுதல் இல்லீங்க

ரெண்டாம் உலகப்போர் கப்பல் கதை எதை தமிழ்ல படிச்சாலும் "அந்த வணிகக் கப்பலை கடற்படை பறிமுதல் செய்தது"ன்னு ஒரு வரி தவறாம வந்துருது. சொந்த நாட்டுக் கம்பெனி கப்பல சொந்த நாட்டுக் கடற்படை என்ன குத்தத்துக்கு பறிமுதல் பண்ணும்னு எழுதுனவங்க ஒரு நிமிஷம் யோசிச்சிருந்தா அந்த சொல்ல தொட்டிருக்க மாட்டாங்க.

இங்கிலீஷ் மூலத்துல இருக்கறது ரெக்விசிஷன், அதாவது அரசு தன் தேவைக்கு ஒருத்தரோட பொருள கட்டாயமா எடுத்து பயன்படுத்திக்கறது. தேடு, கேளுன்னு பொருள் தர்ற லத்தீன் வினையில இருந்து வந்தது, வேர்க்கதை அவ்ளோதான். கேக்கறதுன்னு ஆரம்பிச்ச சொல்லு, கேக்கறது அரசாங்கமா இருந்தா மாட்டேன்னு சொல்ல முடியாதுங்கற இடத்துல வந்து நின்னுருச்சு. ஆபீஸ்ல பேப்பரும் பேனாவும் கேட்டு எழுதற சீட்டுக்கும் இதே பேருதான், அதனால டிக்ஷனரிய தெறந்து மொதல்ல கண்ணுல படற அர்த்தத்த எடுத்து "கப்பல் போருக்காகக் கோரப்பட்டது"ன்னு எழுதறவங்களும் இருக்காங்க. அது வெறும் சிரிப்பு, பறிமுதல் அளவுக்கு கெடுதல் இல்ல.

பறிமுதல்னா என்ன? பறிச்ச முதல். கடத்தல் தங்கம், பறக்கும் படை புடிச்ச பணம், லைசென்ஸ் இல்லாத துப்பாக்கி, இதுக்கெல்லாம் பறிமுதல் சரி. தப்பு நடந்திருக்கு, பொருள் போச்சு. ரெக்விசிஷன்ல அப்படி எதுவும் இல்ல, கப்பல் பெரும்பாலும் கம்பெனி சொத்தாவே இருக்கும், ஓட்டற உரிமை மட்டும் அரசுக்கு போகும், அதுக்கு பணம் உண்டு, வேலை முடிஞ்சா திரும்பி வரும், மூழ்கிட்டா நஷ்ட ஈடு. சில கப்பல அரசே முழுசா விலைக்கு வாங்கிக்கறதும் உண்டு, அது வேற கணக்கு.

இது நமக்கு தெரியாத சமாச்சாரமும் இல்ல. தேர்தல் வந்தா கலெக்டர் ஆபீஸ்ல இருந்து வேன், பஸ் எல்லாம் எடுக்கறாங்கல்ல, 1951 மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 160வது பிரிவு, அதுவும் இதே ரெக்விசிஷன்தான், அதுக்கு பணம் தரணும்னு அடுத்த பிரிவு சொல்லுது. வண்டிக்காரர் என்ன சொல்லுவாரு? "எலெக்‌ஷன் டூட்டிக்கு எடுத்துட்டாங்க"ம்பாரு. பறிமுதல்னு எந்த டிரைவரும் சொல்லி நான் கேட்டதில்ல. மொழிபெயர்ப்பாளருக்கு கிடைக்காத சொல்லு ஸ்டாண்டுல நிக்கறவருக்கு கிடைச்சிருக்கு.

இதுல என்ன பெரிய நஷ்டம்னு கேக்கலாம். ஹோகொகு மாருங்கற ஜப்பான் கப்பலோட கதைய எடுத்துக்குங்க. ஒசாகா ஷோசென் கம்பெனிக்காக கட்டுன, சரக்கும் பயணிகளும் ஏத்தற லைனர், 10,000 டன்னுக்கு மேல, வேலை முடிஞ்சு வந்தது 1940ல. கட்டும்போதே அரசு மானியம் உண்டு, நாளைக்கு சண்டைன்னா கடற்படைக்கு ஆகும்ங்கற கணக்குலதான். பேருக்கே நாட்டுக்கு பட்ட கடன தீக்கறதுன்னு அர்த்தம். 1941ல ஜப்பான் கடற்படை அத எடுத்து பீரங்கி பூட்டி துணைப் போர்க்கப்பலா மாத்துச்சு. 1942ல அதுவும் ஜோடிக் கப்பல் ஐகொகு மாருவும் சேந்து இந்தியப் பெருங்கடல்ல கப்பல் வேட்டை ஆடுச்சு, மே மாசம் ஜெனோட்டாங்கற டச்சு டேங்கர், ஜூலையில கொழும்புக்கு வந்துட்டிருந்த ஹௌராகிங்கற நியூசிலாந்து கப்பல், ரெண்டையும் புடிச்சு ஜப்பான் வேலைக்கே வெச்சுக்கிட்டாங்க.

இப்ப ரெண்டு இடத்துலயும் பறிமுதல் போட்டுப் பாருங்க. "பறிமுதல் செய்யப்பட்ட ஹோகொகு மாரு, ஹௌராகியைப் பறிமுதல் செய்தது." யாரு யாருகிட்ட இருந்து எத எடுத்தாங்க? படிக்கறவன் ஹோகொகு மாருவும் எதிரி கப்பல்தான் போலன்னு நெனச்சுக்குவான். சிறைபிடிப்புன்னு நல்ல சொல்லு நம்ம கிட்டயே இருக்கு, ராமேஸ்வரம் படகு செய்தியில அதத்தான் போடறாங்க, சிறைபிடிப்பு மொதல்ல, நாட்டுடைமை ஆக்கறது கோர்ட்டுக்கு அப்புறம்னு படிப்படியா பிரிச்சு எழுதறாங்க. உள்ளூர் படகுக்கு இருக்கற கவனம் உலகப்போர் கப்பலுக்கு வந்தா எங்கயோ காணாமப் போயிருது.

கதைய பாதியில விட்டா தூக்கம் வராது, அதனால முடிச்சுடறேன். 1942 நவம்பர் 11, இந்தியப் பெருங்கடல்ல இருக்கற கோகோஸ் தீவுக்கு தென்மேற்கே, இந்த ரெண்டு கப்பலும் ஓண்டினாங்கற டச்சு டேங்கரையும் அதுக்கு துணையா வந்த பெங்காலையும் மறிச்சுது. பெங்கால் அப்போதைய இந்தியக் கடற்படையோட கண்ணிவாரிக் கப்பல், அதாவது கடல்ல போட்ட கண்ணிவெடிய அகத்தற சின்னக் கப்பல், ஹோகொகு மாருவுக்கு முன்னாடி சுண்டைக்கா. ஆனா குண்டு பட்டு தீப்புடிச்சு வெடிச்சு மூழ்குனது ஹோகொகு மாரு. பெங்காலும் ஓண்டினாவும் தப்பிச்சு கரை சேந்துச்சு.

சில பேரு பறிமுதல் வேணாம், கையகப்படுத்தல்னு போடலாம்ங்கறாங்க. கேக்க கண்ணியமாத்தான் இருக்கு, ஆனா அது சொத்தையே அரசு எடுத்துக்கற அக்விசிஷனுக்கு போயிருச்சே, நெடுஞ்சாலைக்கு நிலத்த கையகப்படுத்துனா திரும்பி வருமா? இலங்கையில காணி சுவீகரிப்புங்கறதும் அதே வகைதான். 1952ல போட்ட நம்ம மத்திய சட்டம் ஒண்ணு தன் பேருலயே ரெக்விசிஷனையும் அக்விசிஷனையும் தனித்தனியா சொல்லுது. சட்டம் ரெண்டா பாக்கறத தமிழ்ல ஒண்ணாக்கறதுக்கு நாம யாரு? பிரிட்டன்ல கிளென் லைன்ங்கற கப்பல் கம்பெனியோட கிளென்கைல், கிளெனர்ன், கிளென்ராய் மூணையும் 18 நாட் (மணிக்கு 18 கடல் மைல்) வேகத்துக்காகவே அரசு எடுத்து, படை இறக்கற கப்பலா மாத்தி, போர் முடிஞ்சதும் கம்பெனிக்கே குடுத்துருச்சு, 1960கள் வரைக்கும் சரக்கு ஏத்துச்சு. கையகப்படுத்துனது இப்படியா வரும்?

என் ஓட்டு 'பணிக்கு எடுத்தல்'. பெயர்ச்சொல்லா வேணும்னா பணிக்கெடுப்பு, போர்ன்னா போர்ப்பணிக்கெடுப்பு, கொஞ்சம் நீளம்தான், ஒத்துக்கறேன். ஜப்பான்காரங்க சோயோங்கறாங்க, அதுல ரெண்டாவது எழுத்துக்கே பயன்படுத்தறதுன்னுதான் பொருள், சொத்துங்கற பேச்சே இல்ல. தனித்தமிழ் புடிச்சவங்க இதவிட அழகா ஒண்ணு கட்டுனா சந்தோஷம், ஆனா படிச்சதும் புரியணும், அடிக்குறிப்பு போட்டு புரிய வெக்கற சொல்லு எனக்கு வேணாம்.

இன்னொரு கொடுமை லைனர். இத சொகுசுக் கப்பல்னு எவரோ ஆரம்பிச்சு வெச்சுட்டாரு, இப்ப "சரக்கு சொகுசுக் கப்பல்" வரைக்கும் வந்தாச்சு. அரிசி மூட்டைக்கு என்னய்யா சொகுசு? லைன்னா தடம், குறிச்ச தடத்துல குறிச்ச தேதிக்கு போய்வர்ற கப்பல் லைனர், சரக்கு கெடைக்கற பக்கமெல்லாம் சுத்தறது டிராம்ப். தடக்கப்பல்னு சொல்லலாம், இல்ல லைனர்னே விட்டுடலாம், லைனர்ல எனக்கு ஒரு சண்டையும் இல்ல.

தலைப்புல இடம் பத்தாது, பறிமுதல்தான் சின்ன சொல்லுன்னு சொல்றவங்களுக்கு: "கப்பலை எடுத்தது கடற்படை"ன்னு போடுங்க, அது இன்னும் சின்னது, தப்பும் இல்ல.