பாமரர் வரலாறு என்று எழுதலாமா?

திருகோணமலையில் ஊர் வரலாறு, ஆவணப்படம், நினைவுத் தொகுப்பு என்று எது வெளிவந்தாலும் அழைப்பிதழில் அடிக்கடி கண்ணில் படுகிற தொடர் 'பாமரர் வரலாறு'. அரசரையும் ஆளுநரையும் தளபதியையும் மட்டும் பார்க்காமல், மீனவர், கமக்காரர், கூலிக்கு நின்றவர், வீட்டில் உலை வைத்தவர் ஆகியோரின் வாழ்க்கை வழியாக ஒரு நாட்டின் கதையை விளங்கிக்கொள்ளும் முறைக்கு ஆங்கிலத்தில் இரண்டு மூன்று பெயர்கள் வழங்குகின்றன. அவற்றைத் தமிழாக்கப் போன இடத்தில்தான் இந்தச் சொல் நுழைந்தது. இது பிழையான சொல். இதை எழுதுவதை நிறுத்த வேண்டும்.

வேர்களை முதலில் பார்த்துவிடலாம். வரலாறு என்பது வரல் + ஆறு, வந்த வழி. நம் பாட்டன் பூட்டன் காலத்துச் 'சரித்திரம்' வடமொழி. நடத்தை, செய்த செயல் என்ற பொருளில் பிறந்தது. ஆகவே பெரிய ஆள் ஒருவரின் கதைக்கு அது பொருந்தும். 'வரலாறு' என்ற சொல்லில் ஆள் யாரென்ற குறிப்பே இல்லை. யாரும் அதில் நடந்து வந்திருக்கலாம். இந்தத் துறைக்கு இதைவிடப் பொருத்தமான சொல் கிடைக்காது. பாமரன் வடமொழியிலிருந்து வந்தவன். அங்கே அவன் இழிந்தவன், மூடன். தமிழ் அகராதிகளும் அறிவில்லாதவன், இழிந்தோன் என்றே பொருள் தருகின்றன.

'அது பழைய பொருள், இப்போது எளிய மக்கள் என்றுதானே வழங்குகிறது' என்று மொழிபெயர்ப்பாளர்கள் சொல்வார்கள். வழக்கையே பார்ப்போம். 'பாமரருக்கும் புரியும்படி எழுதியிருக்கிறார்' என்று மதிப்புரைகளில் படிக்கிறோம். அந்த 'உம்' என்ன வேலை செய்கிறது? சாதாரணமாகப் புரியாதவர்கள், அவர்களுக்குக்கூடப் புரிகிறது என்று சொல்கிறது. பாரதியார் 'பாமரராய் விலங்குகளாய்' என்று இரண்டையும் பக்கத்தில் வைத்தபோது இருந்த பொருள் இன்றும் அப்படியே இருக்கிறது. ஒருவரின் அறிவை நம்பி வரலாறு எழுதப் போகிறோம். அவருக்கு அறிவில்லை என்று தலைப்பிலேயே அச்சடிக்கிறோம்.

கரைவலை இழுக்கும் இடத்தில் மண்டாடியைப் பாருங்கள். வலை வளைக்கும் ஆட்களை வழிநடத்துபவர் அவர். கயிற்றின் ஒரு நுனியைக் கரையில் விட்டுவிட்டுத் தோணி அரைவட்டமாக வலையை இறக்கிக்கொண்டே போய், மறு நுனியோடு தள்ளி ஓரிடத்தில் கரைக்கு வரும். இரண்டு பக்கமும் இரண்டு கூட்டம் நின்று இழுக்கும். வலை கிட்ட வரவர இரண்டு கூட்டமும் ஒன்றையொன்று நெருங்க வேண்டும். ஒரு பக்கம் முந்தினால் வலை கோணும், நடுவில் மீன் சேரும் பையான மடி சரியும், மீன் போய்விடும். அடியில் கல் கிடந்தால் வலை கிழியும். அதனால்தான் கல்லில்லாத கரையைத் துண்டு துண்டாகப் 'பாடு' என்று எல்லை வைத்துக்கொண்டார்கள். நீரின் நிறத்தையும் பறவை இறங்கும் இடத்தையும் பார்த்து எப்போது வளைப்பது என்று தீர்மானிப்பவர் மண்டாடி. இவர் பாமரரா?

தம்பலகாமத்து வயலில் தண்ணீர்ப் பங்கீட்டைப் பார்க்கும் வட்டவிதானையும் அப்படித்தான். எந்த வாய்க்காலுக்கு எந்த நாள் தண்ணீர், கடைசி வயலுக்கு எட்டாவிட்டால் யாருடைய முறையைக் குறைப்பது என்பதெல்லாம் அவர் கணக்கு. போகம் தொடங்குமுன் கூடும் கூட்டத்தில் விதைப்புத் திகதியும் தண்ணீர் திறக்கும் திகதியும் முடிவாகும். அந்தக் கூட்டக் குறிப்புகளைப் பத்துப் பதினைந்து வருடத்துக்கு அடுக்கினால் மழை பிந்திய வருடங்கள், வயல் தரிசாகக் கிடந்த வருடங்கள், காணி கைமாறிய வருடங்கள் வெளிப்படும்.

தவறான சொல் தவறான கேள்வியைக் கொண்டுவரும். 'பாமரரை'ப் பேட்டி காணப் போகிறவர் 'உங்கள் கஷ்டங்களைச் சொல்லுங்கள்' என்றுதான் தொடங்குவார். அரைமணி நேரம் துயரம் பதிவாகும், வேறொன்றும் கிடைக்காது. அறிந்தவரிடம் போகிறோம் என்று போகிறவர், கயிறு எத்தனை பாகம் (இரு கை விரித்த நீளம் ஒரு பாகம்), எத்தனை பேர் இழுத்தீர்கள், வலையின் சொந்தக்காரரான சம்மாட்டிக்குப் போக மிச்சம் எப்படிப் பங்கானது, மாரியில் கடல் மூடினால் என்ன வேலைக்குப் போனீர்கள் என்று கேட்பார். துயரமும் அதற்குள்ளேயே வந்துவிடும், திகதியோடு.

திகதி கேட்பதற்கும் முறை இருக்கிறது. 'எந்த ஆண்டு' என்றால் குத்துமதிப்பாக ஒன்றைச் சொல்வார்கள். ஜப்பான்காரன் குண்டு போட்டதற்கு முந்தியா பிந்தியா என்று கேட்டால் 1942 ஏப்ரல் 9 ஓர் எல்லைக்கல். பிரித்தானியர் கடற்படைத் தளத்தை விட்டுப் போனது 1957. டிசம்பர்ச் சூறாவளி 1964. சுனாமி 2004. பிள்ளை அப்போது மடியிலா பள்ளிக்கூடத்திலா என்றும் கேளுங்கள். பிறகு காணி உறுதி, கோயில் கணக்குக் கொப்பி, மரண உதவிச் சங்கத்தின் சந்தாப் புத்தகம் ஆகியவற்றோடு ஒத்துப்பார்க்க வேண்டும். ஒத்துப்பார்க்காமல் அச்சிட்டால் அது வெறும் நினைவுக் கதை.

எளியவர்களின் அறிவே வரலாறாகும் என்பதற்கு நம் குடாவிலேயே ஒரு சான்று இருக்கிறது. பழுதான கப்பலோடு கொட்டியாரக் குடாவுக்கு வந்து, 1660 இல் கண்டி அரசன் இரண்டாம் இராசசிங்கனின் ஆட்களிடம் பிடிபட்டவர் ஆங்கிலேயரான இரொபேட் நொக்ஸ். அந்த இடம் மூதூரில் இன்றும் அடையாளப்படுத்தப்பட்டிருக்கிறது. பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் சிங்களக் கிராமங்களில் தொப்பி பின்னி விற்று வாழ்ந்து, தப்பிப்போய், 1681 இல் இலண்டனில் நூலை அச்சிட்டார். இராசசிங்கனைப் பற்றியும் அதில் எழுதியிருக்கிறார். ஆனாலும் கலப்பை எப்படி, சேற்றை எப்படி மட்டம் செய்தார்கள், மாடு கட்டி எப்படி நெற்சூடு மிதித்தார்கள், என்ன சாப்பிட்டார்கள் என்ற பக்கங்களுக்காகத்தான் அந்த நூலை அதிகம் தேடுகிறோம். அவற்றை அவருக்குக் கற்பித்தவர்கள் அந்தக் கிராமத்தார். அவர்களைப் பாமரர் என்று எழுதினால் நொக்ஸ் யாரிடம் கற்றார்?

இன்னொரு தமிழாக்கம் 'கீழிருந்து வரலாறு'. ஆங்கில வரலாற்றாசிரியர் ஈ. பி. தொம்சன் 1966 இல் எழுதிய கட்டுரைக்குப் பின் பரவிய 'history from below' என்ற ஆங்கிலத் தொடரைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தது. தமிழில் 'கீழிருந்து' என்றால் ஒரு வினை வர வேண்டும்: கீழிருந்து பார்த்தான், கீழிருந்து ஏறினான். நேரே பெயரில் போய் முட்டாது. பொருளும் சரியில்லை. 'கீழிருந்தும் கீழல்லார் கீழல் லவர்' என்று குறள் (973) சொல்லியிருக்க, மக்களைக் கீழே வைத்துத் தலைப்பு எழுத நமக்கு என்ன அவசரம்? சாதியின் பெயரால் கீழ் என்று சொல்லப்பட்டவர்கள் வாழும் ஊரில் இந்தச் சொல் புண்ணைக் கீறும். 'குடிமக்கள் வரலாறு' என்றாலும் இதே சிக்கல் வரும். சட்டத்தில் அது பிரசை; ஊர் வழக்கிலோ தொழும்பு செய்ய விதிக்கப்பட்ட சாதிகளை அப்படி அழைத்தார்கள்.

என் தெரிவு 'மக்கள் வரலாறு'. தமிழ்ச் சொல், யாரையும் தாழ்த்தாது, பிள்ளைகள் என்ற பழம்பொருளும் அதற்குள் இருக்கிறது. ஒரு குறை உண்டு: முன்னால் இனப்பெயர் சேர்ந்து 'தமிழ் மக்கள் வரலாறு' என்றானால் பொருள் வேறாகி மறுபடி மன்னர்களிடமே போய்ச் சேரும். அங்கே 'மக்கள் வாழ்வு வழி வரலாறு' என்று விரித்து எழுதலாம். பேச்சில் 'சனங்களின் வரலாறு' என்பதிலும் தவறில்லை. வடசொல்லானாலும் 'எங்கட சனம்' என்று நாம் வாயாரச் சொல்லும் சொல்.

அடுத்த அழைப்பிதழை அச்சுக்குக் கொடுக்குமுன் 'பாமரர்' என்று வரும் இடத்தில் அந்த ஆட்களின் தொழிற்பெயரைப் போட்டுப் பாருங்கள். கரைவலைக்காரர் வரலாறு, தம்பலகாமத்துக் கமக்காரர் வரலாறு, துறைமுகத் தொழிலாளர் வரலாறு. தொழிற்பெயர் தெரியவில்லையென்றால் இன்னும் ஒருமுறை ஊருக்குப் போய்க் கேட்டுவிட்டு வந்து எழுதுங்கள்.