டைம்லேப்ஸ்: காலம் நழுவும் படத்துக்குத் தமிழில் என்ன பெயர்?

மொட்டு விரிந்து மலராகும் ஐந்து மணி நேரத்தை இருபது வினாடிகளில் காட்டும் காணொளியை எல்லோரும் டைம்லேப்ஸ் என்றே சொல்கிறோம். 'டைம்' என்பது காலம்; விளக்கம் வேண்டியிருப்பது 'லேப்ஸ்' என்ற பிற்பாதிக்குத்தான். வழுக்குதல், நழுவுதல், தவறி விழுதல் ஆகியவற்றைக் குறித்த 'லாப்சுஸ்' என்னும் இலத்தீன் சொல்லிலிருந்து அது வந்தது. தவணை கட்டாமல் விட்ட காப்பீட்டைப் பற்றி 'பாலிசி லேப்ஸ் ஆகிவிட்டது' என்று வீட்டில் பேசிக்கொள்கிறோமே, அதுவும் இதே சொல்தான். நழுவுதல் என்ற மூலப்பொருள் ஒரு கிளையில் தவறு என்றும், மற்றொரு கிளையில் காலம் கழிந்துபோதல் என்றும் விரிந்திருக்கிறது. தமிழிலும் 'வழுவுதல்' என்ற வினை நழுவுவதையும் தவறுவதையும் சேர்த்தே குறிக்கிறது. பிழைக்கு 'வழு' என்ற பெயர் அதனோடு பிறந்ததுதான். உறவில்லாத இரு மொழிகள் ஒரே தடத்தில் நடந்திருப்பது எனக்கு எப்போதும் வியப்பளிக்கிறது.

ஆக, ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே காலத்தை நழுவவிட்டு எடுப்பதே டைம்லேப்ஸ். இங்கேதான் பலரும் குழம்புகிறார்கள். இடைவிடாமல் எடுத்த காணொளியைப் பிறகு வேகமாக ஓட்டுவது வேறு, எடுக்கும்போதே விட்டுவிட்டு எடுப்பது வேறு. பார்ப்பவர் கண்ணுக்கு இரண்டும் ஒன்றாகத் தோன்றலாம். ஆனால் முன்னதில் நேரம் முழுவதையும் பதிவுசெய்துவிட்டுப் பெரும்பகுதியை வீசி எறிகிறோம், பின்னதில் தேவையான கணங்களை மட்டும் எடுத்து வைக்கிறோம். 'வேகப்படம்', 'விரைவுக் காணொளி' என்ற பெயர்களை நான் ஏற்காததற்குக் காரணம் இதுதான். 'காலச்சுருக்கப் படம்' அவற்றைவிட நல்ல சொல் என்றாலும், அது விளைவைச் சொல்கிறதே தவிர வேலையைச் சொல்லவில்லை. 'கால இடைவெளிப் படம்' என்பது வேலையைச் சொல்கிறது. ஆனால் பேச்சில் நீண்டு இழுக்கிறது.

'இடைவிடாத மழை' என்று நாள்தோறும் சொல்கிறோம். அந்த வினையையே எடுத்துக்கொண்டு 'இடைவிடு படம்' என்று சொல்லலாம் என்பது என் கருத்து. விடுகதை, ஊறுகாய் போல இது வினைத்தொகை. இடைவிட்ட படம், இடைவிடுகின்ற படம், இடைவிடும் படம் என்று முக்காலத்துக்கும் பொருந்தும். வினைத்தொகை என்பதால் நடுவே ஒற்று மிகாது. காலத்தைக் கையாளும் கலைக்கு, முக்காலத்தையும் உள்ளடக்கிய ஒரு தொகைச்சொல் அமைவது எத்தனை பொருத்தம்!

நான் இப்படிப் படம் எடுப்பது மடிக்கணினியோடு சேர்ந்த வெப்கேமராவில். ஆனால் இந்தக் கலை வெப்கேமராவைவிடப் பழையது. செருமனியின் லைப்சிக் நகரில் வில்லெம் ஃபெஃபர் என்ற தாவரவியலாளர் 1898 முதல் 1900 வரை செடிகளின் அசைவுகளை இப்படிப் படம்பிடித்தார். அவர் எடுத்துக்கொண்ட செடிகளில் நம் தொட்டாற்சிணுங்கியும் ஒன்று. வெப்கேமராவோ பிறக்கும்போதே இடைவிட்டுப் படம் எடுத்த கருவி. 1991இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகக் கணினி ஆய்வகத்தில், காப்பிப் பாத்திரத்தில் காப்பி இருக்கிறதா என்பதை இருந்த இடத்திலிருந்தே பார்த்துக்கொள்வதற்காக ஒரு கேமராவை அதன் முன் நிறுத்தினார்கள். அது காட்டிய கறுப்பு வெள்ளைப் படத்தின் அளவு 128க்கு 128 புள்ளிகள். நிமிடத்துக்கு ஏறத்தாழ மூன்று முறை மட்டுமே படம் மாறும். பாத்திரம் மெதுவாகத்தான் நிரம்பும் என்பதால் அதுவே போதுமானதாக இருந்தது. 1993இல் வலையில் ஏறிய பிறகு உலகமே அதைப் பார்த்தது; 2001 ஆகஸ்டில் நிறுத்தப்பட்டது.

பொருள் எவ்வளவு மெதுவாக மாறுகிறதோ அவ்வளவு காலத்தை இடையில் விடலாம் என்ற பாடம் அந்தக் காப்பிப் பாத்திரத்திலேயே இருக்கிறது. நகரும் மேகத்துக்கு மூன்று நான்கு வினாடி. எழும்பும் கட்டடத்துக்குப் பல நிமிடம். நம் வீடுகளில் பிரம்ம கமலம் என்று வளர்க்கும் கள்ளிவகைப் பூ இரவில் விரிந்து விடியலில் வாடிவிடும். மாலை ஏழரைக்குத் தொடங்கி ஐந்து மணி நேரம் எடுப்பதாக வைத்துக்கொண்டால் 18,000 வினாடி; வினாடிக்கு 25 படம் வீதம் இருபது வினாடிக் காணொளிக்கு 500 படம் வேண்டும்; வகுத்தால் 36 வினாடிக்கு ஒரு படம். நான் இடைவிடு நேரம் என்று சொல்வது இந்த 36 வினாடியைத்தான்.

முதன்முறை எடுத்தபோது கணக்கு சரியாக இருந்தும் படம் கெட்டது. வெப்கேமராவைத் தானியங்கி நிலையிலேயே விட்டிருந்தேன். வெள்ளை இதழ்கள் விரிந்து சட்டத்தை நிறைக்க நிறைக்க, வெளிச்சம் கூடிவிட்டதாகக் கருவி கருதிக்கொண்டு ஒளியைக் குறைத்தது. பூ பழுப்பேறியது, பின்னாலிருந்த சுவர் படிப்படியாக இருண்டது. ஒளியளவு, வெண்சமநிலை (வெள்ளை வெள்ளையாகவே தெரிய நிறத்தைச் சரிசெய்யும் அமைப்பு), குவியம் (ஃபோகஸ்) மூன்றையும் தொடக்கத்திலேயே கையால் நிறுத்திப் பூட்டிவிட்டால் இந்தத் தொல்லை இல்லை. குவியத்தை மொட்டின் நுனியில் வைக்காமல், விரிந்தபின் இதழ்கள் வந்து நிற்கும் இடத்தைக் கணித்து வைக்க வேண்டும். அறையில் பழைய சோக் வைத்த டியூப்லைட் இருந்தால் இன்னொரு சிக்கலும் உண்டு. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் அந்த விளக்கு வினாடிக்கு நூறு முறை மங்கி மங்கி எரிகிறது. கேமராவின் அமைப்பில் 60 என்று இருந்தால் அதை 50க்கு மாற்றாதவரை படம் மினுக்கிக்கொண்டே இருக்கும்.

மடிக்கணினி தூங்கிவிடாதபடி அமைத்துக்கொள்ள வேண்டும் என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. நேரடியாகக் காணொளியாகச் சேமிக்காமல், ஒவ்வொன்றையும் தனித்தனிப் படமாகச் சேமிப்பதையே நான் வலியுறுத்துவேன். மின்சாரம் போனாலும் அதுவரை எடுத்தவை கையில் இருக்கும். யாராவது குறுக்கே நடந்திருந்தால் அந்தப் படத்தை மட்டும் நீக்கிவிடலாம். பெயரிடும்போது 1, 2, 3 என்று இடாமல் 0001, 0002 என்று இடுங்கள். இல்லாவிட்டால் சில மென்பொருள்கள் 1க்கு அடுத்து 10ஐ வைத்துவிடும். விரிந்துகொண்டிருக்கும் பூ நடுவழியில் மீண்டும் மொட்டாகும்.